மூன்று மாடி உயரத்தில் ஒரு ஸ்டேஷன்

அம்மா எங்கே போனாலும் படிகளை எண்ணுவார். வாய்விட்டு அல்ல, உதடு மட்டும் அசையும். மேலே போய்ச் சேர்ந்ததும் தொகையைச் சொல்லிவிட்டுத்தான் மூச்சு வாங்குவார். எங்கள் ஃபிளாட்டுக்கு 34. கோயில் வாசலுக்கு 5. முழங்கால் காட்டப் போகும் எலும்பு டொக்டரின் கிளினிக்குக்கு 19. எலும்பு டொக்டர் ஏன் மாடியில் இருக்கிறார் என்று நான் இதுவரை கேட்கவில்லை, கேட்டால் அடுத்த தரம் நம்பர் கிடைக்காது என்று பயம்.

இதுவரை அம்மா எண்ணியதில் பெரிய தொகை சென்னையில் வந்தது. அதை எழுதத்தான் உட்கார்ந்தேன். ஆனால் கொழும்பில் எங்கள் வெள்ளவத்தை ஸ்டேஷனைச் சொல்லாமல் அங்கே போக முடியாது. எங்கள் வீட்டில் கோச்சி, அதாவது ரயில், என்றால் முதலில் அதுதான்.

காலி வீதியில் இருந்து கடல் பக்கமாக இறங்கி, மரீன் டிரைவைக் கடந்தால் ஸ்டேஷன். பிளாட்போம், தண்டவாளம், கருங்கல், கடல். அவ்வளவுதான். இந்தக் கரையோரப் பாதை 1877 இல் பாணந்துறை வரை வந்தது, 1895 இல் மாத்தறையைத் தொட்டது. அன்றிலிருந்து ரயில்வே பெயின்ட்டுக்கும் கடல் உப்புக்கும் சண்டை. உப்புதான் வெல்கிறது. இரும்புத் தூணில் கை வைத்தால் துருச்செதில் கையோடு வரும். மே, ஜூன் மாதங்களில் காற்று அடிக்கும்போது பத்து நிமிடம் நின்றால் போதும், மூக்குக்கண்ணாடியில் பிசுபிசுவென்று ஒரு படை ஏறிவிடும். சேலைத் தலைப்பால் துடைத்தால் அது இன்னும் பரவும். என் கைப்பையில் இருக்கும் சின்னத் தண்ணீர்ப் போத்தல் குடிப்பதற்கல்ல, கண்ணாடி கழுவ.

தரையோடு தரையான ஸ்டேஷன்தான். ஆனாலும் படி இல்லாமல் இல்லை. பிளாட்போம் தாழ்வு, பெட்டியின் மிதிபலகை உயரம். அம்மாவுக்கு 78 வயது, இரண்டு முழங்காலும் தேய்ந்துவிட்டன. அந்த ஒற்றைப் படியில் அவரை ஏற்றுவதற்கு முன்னால் இருந்து நான் ஒரு கை இழுக்க வேண்டும், பின்னால் இருந்து யாராவது ஒரு பையன் தாங்க வேண்டும். பையன் எப்போதும் கிடைப்பான். "ஹெமின் அம்மே, ஹெமின்" என்பான். மெதுவாக, மெதுவாக. அம்மாவுக்குச் சிங்களம் அதிகம் வராது, ஆனால் அந்தச் சொல்லுக்கு மட்டும் தலையாட்டுவார்.

அம்மாவுக்கு இந்த ஸ்டேஷன் மேல் மதிப்பு வருவதற்கு வேறொரு காரணம் உண்டு. அவர் பிறந்து வளர்ந்தது யாழ்ப்பாணத்தில், சுன்னாகம் ஸ்டேஷனுக்குப் பக்கத்தில். 1990 இல் அங்கே போகும் யாழ்தேவி ரயில் நின்றுபோனது. 2014 ஒக்டோபரில் மறுபடி யாழ்ப்பாணத்துக்குப் போனபோது அம்மா தொலைக்காட்சிக்கு முன்னால் இருந்து ஒன்றும் பேசாமல் பார்த்துக்கொண்டிருந்தார். கல்கிசையில் புறப்படும் காங்கேசன்துறைக் கோச்சி வெள்ளவத்தையிலும் நின்று போகும் என்று அறிந்த அன்று, "அப்ப இது எங்கட ஸ்டேஷன்தான்" என்றார். அதற்கு முன்னால் இருபது வருடமாக வெள்ளவத்தையில் இருந்தவர்தான் இவர்.

என்னுடைய கதை வேறு. நான் கொழும்பை ஒட்டிய பத்தரமுல்லையில் ஓர் அலுவலகத்தில் கணக்குப் பிரிவில் வேலை செய்கிறேன். காலையில் வெள்ளவத்தையில் கோச்சி ஏறி கொள்ளுப்பிட்டியில் இறங்க வேண்டும். அது பத்து நிமிடம், கடலைப் பார்த்துக்கொண்டே. பிறகு 177 பஸ். அது ஒரு மணி நேரம், முன்னால் நிற்பவரின் முதுகுப்பையைப் பார்த்துக்கொண்டே. மழை பெய்தால் கணக்கே இல்லை. பத்து நிமிடத்தில் பாதித் தூரம் வந்துவிட்டோம் என்று உடம்பு நினைத்துக்கொள்ளும், மிச்சப் பாதிக்குள்தான் நாள் முழுவதும் இருக்கும்.

177 போகும் வழியில், ராஜகிரியவில் 2018 ஜனவரியில் மேம்பாலம் திறந்தார்கள். கொஞ்ச நாளைக்கு 177 உம் பறந்தது. அப்புறம் நெரிசல் எழுந்து அடுத்த சந்திக்குப் போய் உட்கார்ந்துகொண்டது.

அடுத்து லைட் ரெயில். அதற்கு முன்னால் மோனோரயில் என்றார்கள், அது போய் இது வந்தது. மாலபேயில் இருந்து கோட்டை வரை, ஏறக்குறைய 16 கிலோமீட்டர், 16 நிலையங்கள், வீதிக்கு மேலால் தூண்களில். ஜப்பானின் கடனுதவி நிறுவனமான ஜைக்கா 2019 மார்ச்சில் முதல் தவணையாக 3,000 கோடி யென் கடனுக்குக் கையெழுத்திட்டது. வட்டி 0.1 சதவீதம். 40 வருடத்தில் கட்டி முடித்தால் சரி, அதிலும் முதல் 12 வருடம் முதலைத் தொடவே தேவையில்லை. கணக்குப் பிரிவுக்காரி என்பதால் இந்த வரிகளை இரண்டு தரம் வாசித்தேன். என் வளையல் அடகுக்கடையில் இருந்த நேரம் அது. ரசீதில் இருந்த வட்டியையும் இதையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன் என்பதை இங்கே சொல்வதில் வெட்கமில்லை.

அந்த நாட்களில் எங்கள் அலுவலகத்துக்கு முன்னால் நடைபாதையில் முக்காலி மாதிரி ஓர் இரும்புச் சட்டத்தை நிறுத்தி இந்தப் பாதைக்காக மண் துளைத்தார்கள். மதியச் சாப்பாட்டு நேரத்தில் நாங்கள் போய் வேடிக்கை பார்ப்போம். குழாய்க்குள் இருந்து எடுத்த மண்ணை உருளை உருளையாக ஒரு தட்டையான மரப்பெட்டியில் அடுக்கி, ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில் ஆழத்தை எழுதி வைத்திருந்தார்கள். மேலே செங்கல் நிறம், அதற்குக் கீழே சாம்பல் நிறக் களி, பிறகு அழுகிய இலை மணக்கும் ஒரு கறுப்புச் சேறு, கடைசியில் கல். நாங்கள் தினமும் நடக்கிற இடத்துக்குக் கீழே சதுப்பு நிலம் இருப்பது எனக்கு அன்றுதான் உறைத்தது. எங்கள் பிரிவில் இருக்கும் சிங்கள அக்கா ஒரு துண்டைக் கையில் எடுத்து முகர்ந்து பார்த்துவிட்டு, தன் ஊர் வயல் இப்படித்தான் மணக்கும் என்றாள்.

கொம்பனித்தெருவிலும் ஒரு நிலையம் வரைபடத்தில் இருந்தது. அதைப் பார்த்ததும் என் மனதில் பாதை விழுந்துவிட்டது. வெள்ளவத்தையில் கோச்சி, கொம்பனித்தெருவில் இறங்கி மாறி லைட் ரெயில், பத்தரமுல்லையில் இறக்கம். மாலபேயில் இருந்து கோட்டைக்கு முழுத்தூரமே அரை மணி நேரம்தான் என்று சொல்லியிருந்தார்கள். ஒரு நாளைக்கு இரண்டு மணி நேரத்தில் ஒரு மணி நேரம் மிச்சம். அந்த ஒரு மணி நேரத்தில் என்ன செய்வேன் என்று கூட யோசித்து வைத்திருந்தேன். தூங்குவேன் என்பதுதான் விடை.

2020 செப்டம்பரில் திட்டத்தை நிறுத்தினார்கள். அப்போது ஜனாதிபதி கோட்டாபய ராஜபக்ஷ. செலவு மிக அதிகம், கொழும்புக்குச் சிக்கனமான தீர்வு இதுவல்ல என்பது அரசு சொன்ன காரணம். துளைத்த இடத்தைச் சிமெந்து போட்டு மூடியிருந்தார்கள். அந்த வட்டம் இப்போதும் இருக்கிறது, ஒரு சாப்பாட்டுத் தட்டு அளவு. மழை விட்டு நடைபாதை எல்லாம் காய்ந்த பிறகும் அது மட்டும் ஈரமாகக் கிடக்கும்.

இரண்டு வருடம் கழித்து, 2022 இல் பெற்றோல் வரிசைகளும் மின்வெட்டும் வந்தபோது அதே சிங்கள அக்கா, "நல்லவேளை கட்டவில்லை, கரண்ட் ரயில் பாதி வழியில் தொங்கிக்கொண்டு நின்றிருக்கும்" என்றாள். சிரித்தோம். மார்ச் கடைசியில் ஒரு நாளைக்கு 13 மணி நேரம் கரண்ட் இல்லை. எங்கள் ஃபிளாட் லிஃப்ட்டும் இல்லை. அம்மா 34 படிக்கு மேலே இருந்தார், மரக்கறிக்காரர் கீழே இருந்து கத்துவார், அம்மா கயிற்றில் கூடை இறக்குவார். ஆனால் கரையோரக் கோச்சி ஓடியது, அது டீசலில் ஓடுகிறது. காரை வீட்டில் விட்ட ஆட்களும் சேர்ந்து ஏறியதில், பத்து நிமிடப் பயணத்துக்கு மிதிபலகையில் ஒரு கால் வைக்கும் இடம் கிடைத்தால் அதிர்ஷ்டம்.

சரி, சென்னை.

போன வருடம் அம்மாவின் முழங்காலை இன்னொரு டொக்டரிடம் காட்டலாம் என்று போனோம். மாமாவின் மகள், என் மச்சாள், 1990 இல் போனவள், மந்தைவெளியில் இருக்கிறாள். முதல் நாளே டொக்டரிடம் போய்விட்டோம். சத்திரசிகிச்சை என்றார். அம்மா யோசிக்கிறேன் என்றார். இன்னும் யோசிக்கிறார். அது முடிந்ததும் கபாலீஸ்வரர் கோயில், பிறகு கடற்கரை, பிறகு சேலைக்கடை என்று மச்சாள் பட்டியல் போட்டாள்.

"ஓட்டோ வேணாம் மாமி, பறக்கும் ரயில்ல போவம். அஞ்சு ரூவாதான்."

"பறக்கிற கோச்சியோ?" என்றார் அம்மா. "இந்த வயசில எனக்கேன் பிள்ளை அது?"

பறக்கும் ரயில் என்பது சென்னைக்காரர்கள் வைத்த பெயர். தூண்களுக்கு மேலால் ஓடுவதால். 1995 இல் சேப்பாக்கம் வரை வந்தது, 1997 இல் மயிலாப்பூர், 2007 இல் வேளச்சேரி. கொழும்பில் எங்களுக்கு வாய்க்காத சாமான் இவர்களிடம் முப்பது வருடமாக இருக்கிறது. அதனால் எனக்கு ஆசை, கொஞ்சம் பொறாமையும். அம்மாவைச் சம்மதிக்க வைத்தது நான்தான், அந்தப் பழி என் மேல்.

நாங்கள் ஏறிய ஸ்டேஷனின் பெயரைச் சொல்லப் போவதில்லை. லிஃப்ட் ஒரு நாள் வேலை செய்யாமல் இருப்பது எந்த ஊரிலும் நடப்பதுதான். கதவில் ஒரு கடதாசி ஒட்டியிருந்தது. நகரும் படியும் நகராத படியாக நின்றது. அம்மா மேலே பார்த்தார். என்னைப் பார்த்தார். மச்சாள் வேறெங்கோ பார்த்தாள். "ஏறுவம்" என்றார் அம்மா, உதடு அசையத் தொடங்கியது.

24 இல் முதல் தட்டு. அங்கே நின்றோம். ஐம்பது சொச்சத்தில் இரண்டாவது தட்டு, அங்கே ஒரு பெண் கூடையை வைத்துக்கொண்டு மல்லிகை தொடுத்துக்கொண்டிருந்தார். காற்று வரும் மூலை என்பதால் இடம் பிடித்திருக்கிறார் போல. அம்மாவைப் பார்த்ததும் தன் பக்கத்தில் இருந்த பிளாஸ்டிக் ஸ்டூலைத் தள்ளிவிட்டார்.

"உக்காருங்க பாட்டி. எந்த ஊரு?"

"கொழும்பு."

"அங்க இந்த மாதிரி ட்ரெயின் இருக்கா?"

அம்மா மூச்சு வாங்கிக்கொண்டே, "வாறன் எண்டு சொல்லிப்போட்டு வரேல்லை" என்றார்.

பூக்காரப் பெண் நூலைப் பல்லால் கடித்து அறுத்துவிட்டுக் கேட்டார், "மாப்பிள்ளை வீட்டுக்காரங்க மாதிரியா?"

அம்மா சிரித்த சிரிப்பில் இருமல் வந்துவிட்டது. இரண்டு முழம் வாங்கினோம். ஒரு முழம் சும்மாவே தந்தார். மிச்சப் படிகளை அம்மா பூவை மணந்துகொண்டே ஏறினார். மேலே போய்ச் சேர்ந்து பெஞ்சில் உட்கார்ந்த பிறகு, ஒவ்வொரு எழுத்தாக, "எழுபத்தாறு" என்றார்.

மேலே காற்று நன்றாக இருந்தது. ரயில் வந்தது, ஏறினோம், ஜன்னலோரம் இடமும் கிடைத்தது. ஓடும்போது தெரிவது எல்லாம் ஊரின் முதுகு. மொட்டைமாடிகள், கறுப்புத் தண்ணீர்த் தொட்டிகள், கொடியில் காயும் உள்பாவாடைகள், பாயில் பரப்பிய வடகம், ஒரு ஜன்னலுக்குள் மின்விசிறிக்குக் கீழே தூங்கும் ஒரு மனிதரின் கால். வீதியில் இருந்து பார்த்தால் ஒரு வீடு நமக்குக் காட்ட நினைப்பதைத்தான் காட்டும். மூன்றாம் மாடி உயரத்தில் இருந்து போகிறவனுக்கு அது ஒன்றையும் மறைக்க முடியாது. பத்தரமுல்லையில் இது வந்திருந்தால் எங்கள் அலுவலக மொட்டைமாடியில் குவிந்து கிடக்கும் உடைந்த கதிரைகளை ஊரே பார்த்திருக்கும்.

திருமயிலை ஸ்டேஷனில் இறங்கினோம். அது ஒரு ராட்சதக் கட்டடம். பக்கிங்ஹாம் கால்வாய்க்கு மேலேயே எழுப்பியிருக்கிறார்கள். கால்வாய் அரசின் நிலம், வீடு வாசலைப் பிடுங்கிக் காணி எடுக்க வேண்டியதில்லை, அதனால் பாதை நெடுகிலும் தூண்களைக் கால்வாயின் ஓரத்திலும் அதற்குள்ளேயும் இறக்கினார்கள். பத்தொன்பதாம் நூற்றாண்டில் படகில் உப்பும் விறகும் போன தண்ணீர். இப்போது தூண்களுக்கு இடையில் கறுப்பாக நிற்கிறது. எங்கள் வெள்ளவத்தைக் கால்வாய்க்கும் அதற்கும் மணம் ஒன்றுதான், கண்ணைக் கட்டி நிறுத்தினால் எந்த ஊர் என்று எனக்குத் தெரியாது.

பறக்கும் ரயில் ஸ்டேஷன்களில் கடைகள் வரும், அலுவலகங்கள் வரும் என்று நினைத்துப் பெரிது பெரிதாகக் கட்டினார்கள். பெரும்பாலும் வரவில்லை. நடக்கும்போது நம் செருப்புச் சத்தம் திரும்பி வந்து நம்மையே கேட்கிறது. சீமெந்துக் கூடம், இருட்டு, ஒரு மூலையில் டிக்கட் ஜன்னல். அம்மா கோயில் பிரகாரம் மாதிரி இருக்கிறது என்றார். மச்சாள் சாயங்காலத்தில் தனியாக வரமாட்டேன் என்றாள். இரண்டும் ஒரே இடத்தைப் பற்றித்தான். வெளியே வந்தால் சென்னை மெட்ரோவின் தகரத் தடுப்புகள். அது அங்கே நிலத்துக்குக் கீழால் வருகிறதாம். மேலே ஒன்று, கீழே ஒன்று. எங்களிடம் நடுவில் ஒரு சிமெந்து வட்டம்.

ஆனால் எனக்குப் பிடித்தது மேலே இருந்தது அல்ல, அடியில் இருந்தது. பறக்கும் ரயிலுக்குக் கீழே மதியம் பன்னிரண்டரை மணிக்கு நின்று பார்க்க வேண்டும். சுற்றிலும் வெயில் கொதிக்கிறது, தூண் வரிசைக்குள் மட்டும் நிழல். ஓட்டோக்காரர்கள் பின் சீட்டில் காலை வெளியே நீட்டிக்கொண்டு தூங்குகிறார்கள். ஒருவர் குடை தைக்கிறார், தைத்த குடைகளைத் தூணில் அடித்த ஆணியில் மாட்டியிருக்கிறார். தேநீர்க்கடை. ஒரு நாய்க்குடும்பம். இவர்களுக்கெல்லாம் ரயில் என்பது மேலால் போகும் ஒரு சத்தம், ஸ்டேஷன் என்பது கூரை. கட்டியவர்கள் இதை ஒரு வரைபடத்திலும் போட்டிருக்க மாட்டார்கள். கடைகளுக்கென்று மேலே கட்டிய மாடி வெறுமையாகக் கிடக்க, கடை அடியில் நடக்கிறது.

கொழும்பிலும் இதை நான் பார்த்திருக்கிறேன், வேறு உருவத்தில். பின்னேரம் நாலரைக்கு வானம் உடைந்து கொட்டும்போது ராஜகிரிய மேம்பாலத்துக்கு அடியில் போய்ப் பாருங்கள். மோட்டார்சைக்கிள்காரர்கள் ஐம்பது அறுபது பேர் ஒட்டிக்கொண்டு நிற்பார்கள். ஹெல்மெட்டைக் கழற்றி, ஃபோனை டிஷூவால் துடைத்து, முன்பின் தெரியாதவனிடம் நெருப்பு வாங்கி. மேலே கார்கள் போய்க்கொண்டிருக்கும்.

சென்னையில் இருந்து அக்காவின் மகனை வாட்ஸப்பில் கூப்பிட்டேன். மொறட்டுவையில் சிவில் படிக்கிறான். ஏன் இவ்வளவு உயரம், கொஞ்சம் தாழக் கட்டினால் என்ன என்று கேட்டேன். அவனுக்கு இப்படிப்பட்ட கேள்விகள் என்றால் விருப்பம்.

"சித்தி, கீழ லொறியும் பஸ்ஸும் போறதுக்கு அஞ்சரை மீட்டராவது விடோணும். அதுக்கு மேல பாலத்தின்ர கனம். டிக்கட் எடுக்கிற தட்டு ஒண்டு வைச்சா அது ஒரு மாடி. அதுக்கு மேல பிளாட்போம். பன்ரெண்டு, பதின்மூண்டு மீட்டர் வந்திடும்."

"ஸ்டேஷன் வாற இடத்தில மட்டும் பதிச்சா என்ன?"

"கோச்சிக்கு ஏத்தம் பிடிக்காது சித்தி. ஒரு கிலோமீட்டருக்கு ஒருக்கா இறங்கி ஏற ஏலாது. மேல போனா மேலயேதான் ஓடும்."

கோச்சிக்கு ஏற்றம் பிடிக்காது. அதனால் அம்மா ஏறுகிறார். அவன் சொன்னது சாய்வுக் கணக்கு, ஆனால் எனக்குக் கேட்டது அப்படித்தான். இரும்புச் சக்கரமும் இரும்புத் தண்டவாளமும் வழுக்கும், அதனால் சமதரையாக ஓடுகிறது. அது மிச்சம் பிடிக்கும் உயரத்தை எல்லாம் யாரோ ஒருவரின் முழங்கால் கொடுக்கிறது. லிஃப்ட் வேலை செய்தால் மோட்டார் கொடுக்கும். ஆக, மேலே கட்டும் ஸ்டேஷன் ஒன்று நல்லதா கெட்டதா என்பதை ரயில் தீர்மானிப்பதில்லை, அந்த லிஃப்ட்டைத் திருத்துகிற ஆள் தீர்மானிக்கிறார். அந்த ஆளுக்கு 40 வருடக் கடன் ஒப்பந்தத்தில் ஒரு வரியாவது இருந்ததா என்று பார்க்க ஆசை.

திரும்பி வந்த பிறகு கொழும்பை வேறு கண்ணால் பார்க்கத் தொடங்கிவிட்டேன். எங்கள் ஊரில் மேலே ஏறுகிறவர்கள் யார்? கார்கள். ராஜகிரியவில் ஏறின. 2024 இல் கொம்பனித்தெருவில் திறந்த மேம்பாலத்தில் ஏறுகின்றன. அங்கே விக்டோரியா காலத்து ஸ்டேஷன் தன் பாட்டில் கீழே இருக்கிறது, கோச்சியும் கீழே, நடப்பவர்களும் கீழே. கோச்சிக்காகக் கேட் போட்டால் கார்கள் காத்து நிற்க வேண்டியிருந்தது, அதற்குத்தான் பாலம். காருக்கு முழங்கால் இல்லை, அது சாய்வில் ஏறும், காலை அமத்தினால் போதும். நடக்கிறவரை மேலே அனுப்ப நினைத்தால் மட்டும் படி கட்டுகிறோம். கோட்டை ஸ்டேஷனில் ஒரு பிளாட்போமில் இருந்து இன்னொன்றுக்கு மாறுவதற்கு மேம்பாலப் படிகளில் பெட்டியோடு ஏறுகிற பாட்டிமாரைப் பார்த்தால் தெரியும். 1917 இல் கட்டிய ஸ்டேஷன், வாசலில் ஒல்கொட் சிலை, உள்ளே படிகள்.

இப்படிச் சொல்வதால் லைட் ரெயில் வேண்டாம் என்று நான் சொல்வதாக எடுத்துக்கொள்ளாதீர்கள். 76 படியையும் பார்த்த பிறகும் எனக்கு அது வேண்டும். வெறும் கூடமாகக் கிடந்தாலும், கடைகள் வராவிட்டாலும், 177 இல் நின்றுகொண்டு போகும் ஒரு மணி நேரத்துக்குப் பதிலாக எழுபத்தாறு படி என்றால் நான் ஏறுவேன். எனக்கு 52 வயது. அம்மாவின் வயதில் கேட்டால் வேறு பதில் வரலாம்.

இரண்டு கிழமைக்கு முன்னால் அம்மாவின் ஒரு பத்திரத்தில் கையெழுத்து வைக்க அவரையே நேரில் கூட்டிக்கொண்டு பத்தரமுல்லைக்கு வரவேண்டியிருந்தது. போகும்போது ஓட்டோ. வேலை முடிந்ததும் பஸ்ஸில் போவம், காசு ஏன் கரியாக்குவான் என்றார். அலுவலகத்துக்கு முன்னால் நின்றோம். காலையில் மழை பெய்திருந்தது. அவர் நின்ற இடத்துக்குப் பக்கத்தில் சிமெந்து வட்டம் ஈரமாகக் கிடந்தது. காட்டினேன்.

"இதுதானோ உன்ர ஸ்டேஷன்?"

"ஓம் அம்மா."

கைத்தடியால் அதை இரண்டு தரம் தட்டிப் பார்த்தார். பிறகு தலையை நிமிர்த்தி மேலே பார்த்தார், மின்கம்பிகளும் விளம்பரப் பலகையும் இருக்கும் அந்த உயரத்துக்கு. உதடு அசைந்தது.

"என்ன எண்ணுறியள்?"

"லிஃப்ட் ரெண்டு போடச் சொல்லு" என்றார். "ஒண்டு பழுதானா மற்றது."

177 வந்தது. நிரம்பி வழிந்தது, ஆனால் அம்மாவைக் கண்டதும் கொண்டக்டர் குதித்து இறங்கி முழங்கையைப் பிடித்தார். ஹெமின் அம்மே. மூன்று படி, முதலாவது உயரம்.